பதினான்காம் அறை நடிகை

மூன்று வருஷத்துக்கு முன்னால் ஒரு ஜூலை மாசம், ஆக்லாந்தில் நடந்தது இது. ஜூலை என்றால் இங்கே நடுக்குளிர்காலம். மழை பெய்துகொண்டே இருக்கும், துணி காயாது, காலை ஏழரை வரைக்கும் விடியாது. நாங்கள் அப்போது ஏவன்டேலில் ஒரு வீட்டின் பின்பகுதியில் வாடகைக்கு இருந்தோம். அங்கிருந்து ரயில் பிடித்து டவுனுக்குப் போய், பிறகு பாலம் தாண்டிப் போகும் பஸ்ஸில் ஏறி, ஏழு மணிக்குள் கிளென்ஃபீல்டில் ஒரு முதியோர் இல்லத்தில் நான் வேலைக்கு நிற்க வேண்டும்.

ஈரோட்டில் ஒரு ஜவுளிக் கம்பெனி ஆபீஸில் ஏழு வருஷம் உட்கார்ந்து வேலை பார்த்தவள் நான். இங்கே வந்து கேர்கிவர் ஆனேன். வயசானவர்களைக் குளிப்பாட்டுவது, உடை மாற்றுவது, சாப்பிட வைப்பது, நடக்க வைப்பது. ஆரம்பத்தில் அழுதிருக்கிறேன். பிறகு பழகிவிட்டது, பிடித்தும் போனது. என்னுடைய வேலை விசாவைத் தொற்றிக்கொண்டுதான் என் கணவரும் ஏழு வயசு மகளும் இந்த நாட்டில் இருந்தார்கள். இன்னும் ஏழு மாசம் அதே இடத்தில் ஓட்டிவிட்டால் ரெசிடென்ஸுக்கு, அதாவது நிரந்தரமாகத் தங்கும் உரிமைக்கு, விண்ணப்பிக்கலாம். அந்த ஏழு மாசம்தான் எங்கள் வீட்டில் எல்லாப் பேச்சுக்கும் முடிவாக வந்து நிற்கும்.

அந்த இல்லத்தில் பதினான்காம் அறையில் எண்பத்தேழு வயசு அம்மா ஒருவர் இருந்தார். இங்கிலாந்தில் கடலோர ஊர் ஒன்றில் பிறந்தவர். நல்ல உயரம், ஒடிசலான உடம்பு, நீளமான கழுத்து. குழந்தைகள் இல்லை. கணவர் இறந்து பல வருஷமாகியிருந்தது. கணவரின் அக்கா மகள் ஒருவர் பாட்டனி டவுன்ஸில் இருந்து மாசம் ஒருமுறை வந்து பார்ப்பார். அறுபது வயசிருக்கும் அவருக்கு. அந்தம்மாவுக்கு அவரை விட்டால் உறவு என்று யாரும் கிடையாது.

அந்தம்மாவுக்கு மறதி நோயின் ஆரம்பம். கிழமை தெரியாது. சாப்பிட்டதை மறந்துவிடுவார். ஆனால் ஒரே ஒரு விஷயத்தை மட்டும் தினமும், அச்சடித்த மாதிரி சொல்வார். தான் ஒரு சினிமா நடிகை என்று. பத்தொன்பது வயசில் லண்டனுக்குப் போனாராம். இரண்டு வருஷத்தில் மூன்று படமாம். முதல் படத்தில் நடன அரங்கில் நின்று ஒரு வரி பேசினாராம். இரண்டாவது படத்தில் வேலைக்காரப் பெண்ணாக, கையில் தட்டோடு மாடிப்படியில் இறங்கி வரும்போது விழ வேண்டுமாம். இயக்குநருக்குத் திருப்தி வராமல் ஒன்பது தடவை விழச் சொன்னாராம். முழங்கால் வீங்கிவிட்டதாம். மூன்றாவது படத்தில் நல்ல வேஷம், ஆனால் வெளியிடுவதற்கு முன்னால் அந்தப் பகுதியையே வெட்டிவிட்டார்களாம். அதோடு ஒரு கப்பல் என்ஜினியரைக் கல்யாணம் செய்துகொண்டு நியூசிலாந்துக்கு வந்துவிட்டாராம். சினிமாவில் நடித்தது கணவருக்குப் பிடிக்கவில்லை, போட்டோக்களைக் கூடக் கப்பல் ஏறுவதற்கு முன்னால் அவரே அடுப்பில் போட்டுவிட்டார் என்று சொல்வார். இதைச் சொல்லும்போது மட்டும் குரல் தணிந்துவிடும், கணவர் பக்கத்து அறையில் இருக்கிற மாதிரி.

நாங்கள் யாரும் நம்பவில்லை. நம்பாததற்குக் காரணமும் இருந்தது. அந்த உறவுக்காரப் பெண்மணியே சிரித்துக்கொண்டு சொன்னார்: அத்தை முப்பது வருஷம் ஒரு மருந்துக்கடையில் வேலை பார்த்தவர், சினிமா என்ற பேச்சையே அவர் வாயில் நான் கேட்டதில்லை, இதெல்லாம் இந்த இரண்டு வருஷமாகத்தான். நர்ஸும் எங்களிடம், மறுத்துப் பேசாதீர்கள், ஆமாம் ஆமாம் என்று சொல்லிவிட்டுப் போங்கள் என்றார். அதனால் நான் ஆமாம் போட்டேன். காலையில் கதவைத் தட்டிவிட்டு, "குட் மார்னிங், ஸ்டார்" என்பேன். அந்தம்மா தலையை லேசாகச் சாய்த்து அதை வாங்கிக்கொள்வார். எனக்கு அது ஒரு விளையாட்டு. அன்பாகத்தான் செய்தேன். ஆனால் நம்பாமல் ஒருவரிடம் காட்டுகிற அன்பு எப்படிப்பட்டது என்று அப்போது யோசித்ததில்லை.

எங்களில் ஒரே ஒரு ஆள் மட்டும் அந்தக் கதையை உட்கார்ந்து கேட்பார். மன்னாரில் இருந்து வந்த அக்கா ஒருவர், என்னோடு வேலை பார்த்த மூத்த கேர்கிவர். பதினைந்து வருஷ அனுபவம். "அவா கதைக்கிறதில ஒரு ஒழுங்கு இருக்குது, கவனிச்சனீரோ? பொய் எண்டால் ஒவ்வொரு நாளும் மாறும்" என்று ஒரு நாள் சொன்னார். நான் சிரித்துவிட்டு ட்ராலியைத் தள்ளிக்கொண்டு போனேன்.

அந்த வாரம் அக்கா லீவில் இருந்தார். வியாழக்கிழமை காலை. இரண்டு பேர் உடம்பு சரியில்லை என்று வரவில்லை. ஆறு பேரைப் பார்க்க வேண்டிய நான் ஒன்பது பேரைப் பார்த்துக்கொண்டிருந்தேன். பதினான்காம் அறைக்குள் போனபோது அந்தம்மா படுக்கையின் ஓரத்தில், ஒரு பக்கமாகச் சாய்ந்து உட்கார்ந்திருந்தார். வழக்கமான அந்தத் தலைசாய்ப்பு இல்லை. மெதுவாகச் சொன்னார், படியில் விழுந்துவிட்டேன் என்று. கால் வலிக்கிறது என்றார்.

எங்கள் இல்லம் ஒரே தளம். படி என்று ஒன்றுகூடக் கிடையாது. எனக்கு உடனே மனசில் வந்தது அந்த இரண்டாவது படம்தான். தட்டோடு மாடிப்படியில் விழுந்த கதை. எத்தனை தடவை என்று நான் கேட்டேன். சிரித்துக்கொண்டேதான் கேட்டேன். அந்தம்மா என் முகத்தைக் கொஞ்ச நேரம் பார்த்தார். பிறகு, ஒன்பது என்றார்.

ஏன் அப்படிச் சொன்னார் என்று இன்றைக்கும் எனக்குத் தெரியாது. நான் கேட்டதற்குப் பதிலாகச் சொன்னாரா, அவருக்கே இரண்டும் கலந்துபோயிருந்ததா. பின்னால் தெரிந்தது, குளியலறைக்கும் அறைக்கும் நடுவில் கதவடியில் ஒரு விரல் உயரத்துக்கு ஒரு தடுப்புக்கட்டை இருந்தது. அதில்தான் தடுக்கியிருக்க வேண்டும். அதைத்தான் படி என்று சொல்லியிருக்கிறார். நான் தினமும் பத்துத் தடவை தாண்டிப் போகிற கட்டை.

அந்தம்மாவின் காலை அப்படியும் இப்படியும் திருப்பிப் பார்த்தேன். ரத்தம் இல்லை, வீக்கம் இல்லை, கன்றிப்போகவும் இல்லை. கால்சட்டை மாட்டும்போது ஒரு சத்தம் போட்டார். அடித்தொண்டையில் இருந்து வந்தது. நான் கையை எடுத்துவிட்டு, சரி சரி, முடிந்துவிட்டது என்றேன். வராந்தாவில் மருந்து வண்டியோடு நின்றிருந்த நர்ஸ், பதினான்கில் ஏதாவது விசேஷமா என்று கேட்டார். ஒன்றுமில்லை, இன்றைக்கு சினிமா ஓடுகிறது என்றேன். இரண்டு பேரும் சிரித்தோம். வழக்கமான வலி மாத்திரையைக் கொடுத்துவிட்டு அவர் அடுத்த அறைக்குப் போனார்.

மதியச் சாப்பாட்டுக்கு அந்தம்மா வர மாட்டேன் என்றார். படுத்தே இருந்தால் கால் வலுவிழந்துவிடும், முடிந்தவர்களை நடக்க வைத்தே கூட்டிவர வேண்டும் என்பது எங்கள் இடத்தில் விதி. நான் வாக்கரை எடுத்து முன்னால் வைத்தேன். எழ முடியாது என்றார். கெஞ்சிப் பார்த்தேன். கேட்கவில்லை. அப்போதுதான் எனக்கு அந்த யோசனை வந்தது. கெட்டிக்காரத்தனம் என்று நினைத்துத்தான் செய்தேன். கைகளைத் தட்டி, கேமரா தயாராக இருக்கிறது, எல்லாரும் உங்களுக்காகக் காத்திருக்கிறார்கள் என்று சொல்லிவிட்டு, "ஆக்‌ஷன்" என்றேன்.

அந்தம்மா எழுந்தார்.

வாக்கரை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு, முதுகை நிமிர்த்தி, அறையில் இருந்து சாப்பாட்டு ஹால் வரைக்கும் நடந்தார். முப்பது அடி இருக்கும். வலது காலை ஊன்றும்போதெல்லாம் வாய் லேசாகத் திறந்து மூடியது. ஹால் வாசலில் நின்று, ஜன்னல் வெளிச்சம் விழுகிற பக்கம் முகத்தைத் திருப்பிப் புன்னகை செய்தார். அங்கே இருந்த பெண் ஒருத்தி கைதட்டினாள். நானும் தட்டினேன். நாற்காலியில் உட்கார வைத்தபோது அந்தம்மாவின் மேலுதடு முழுக்க வியர்த்திருந்தது. ஹீட்டர் அதிகமாக இருக்கிறது என்று நினைத்தேன். ஒரு வாய்கூடச் சாப்பிடவில்லை. போகும்போது சக்கர நாற்காலியில் தள்ளிக்கொண்டு போனேன்.

ஒவ்வொருவரைப் பற்றியும் தினமும் எழுதிவைக்கும் நோட்ஸில் அன்றைக்கு நான் எழுதியது இவ்வளவுதான்: உற்சாகமாக இருந்தார். சாப்பாட்டு ஹால் வரை வாக்கரோடு நடந்தார். விழுந்தேன் என்று சொன்னதை எழுதவில்லை. மறைக்க வேண்டும் என்று இல்லை. எழுத வேண்டிய விஷயமாகவே எனக்குத் தோன்றவில்லை.

வெள்ளிக்கிழமை எனக்கு லீவு. அன்று வந்த தற்காலிக ஆட்கள், களைப்பாக இருக்கிறார் என்று அந்தம்மாவைப் படுக்கையிலேயே விட்டிருக்கிறார்கள்.

சனிக்கிழமை காலை மன்னார் அக்கா திரும்பி வந்தார். நானும் அவரும் சேர்ந்து பதினான்காம் அறைக்குள் போனோம். அந்தம்மாவின் முகம் சாம்பல் நிறத்தில் இருந்தது. கண் திறக்கவில்லை. அக்கா முகத்தைப் பார்த்தார், உடனே கால் பக்கம் போய்ப் போர்வையை விலக்கினார். வலது கால் இடது காலைவிடக் கட்டையாக, பாதம் வெளிப்பக்கம் திரும்பிக் கிடந்தது. நான் படுக்கைக்கு அந்தப் பக்கம் நின்றிருந்தேன். எனக்கும் தெரிந்தது.

"இடுப்பு முறிஞ்சிருக்குது. ஆரும் பாக்கேல்லையா?" என்றார் அக்கா. பிறகு என்னைப் பார்த்து, "இவா விழுந்தவாவோ? உம்மட்ட ஏதும் சொன்னவாவோ?" என்று கேட்டார்.

"தெரியல அக்கா. என்கிட்ட ஒண்ணும் சொல்லல" என்றேன்.

நினைத்துச் சொன்ன பொய் இல்லை. வாய் தானாகச் சொன்னது. ஆனால் சொன்ன பிறகு அது பொய் என்று எனக்குத் தெரியும். ஆம்புலன்ஸ் வந்தது. ஸ்ட்ரெச்சருக்கு மாற்றும்போது அந்தம்மா போட்ட சத்தம் வராந்தா முழுக்கக் கேட்டது. வியாழக்கிழமை காலையில் கால்சட்டை மாட்டும்போது நான் கேட்ட அதே சத்தம்தான்.

ஞாயிற்றுக்கிழமை ஆபரேஷன் நடந்தது. திங்கட்கிழமை மேனேஜர் எங்கள் ஒவ்வொருவரையும் தனித்தனியாகக் கூப்பிட்டு, வித்தியாசமாக எதையாவது முதலில் எப்போது கவனித்தீர்கள் என்று கேட்டார். சனிக்கிழமை காலை என்றேன். அதை அவர் தாளில் எழுதிக் கொடுத்தார், கையெழுத்துப் போட்டேன். வியாழக்கிழமை நடந்திருக்கிறார் என்று உங்கள் நோட்ஸே சொல்கிறது, அப்படியென்றால் வெள்ளிக்கிழமைதான் ஏதோ ஆகியிருக்கிறது என்று அவராகவே சொல்லிக்கொண்டார். அதாவது, நான் நடக்க வைத்ததே எனக்குச் சாட்சியாகிவிட்டது. வெள்ளிக்கிழமை வந்த தற்காலிகப் பெண் ஒருத்தியை அதற்குப் பிறகு கூப்பிடுவதை நிறுத்திவிட்டார்கள். அதையும் நான் பார்த்துக்கொண்டு இருந்தேன்.

வீட்டில் கணவரிடம் எல்லாவற்றையும் சொன்னேன். வேண்டுமென்றா செய்தாய், இல்லையே என்றார். இப்போது போய்ச் சொன்னால் அந்தம்மா கால் சேர்ந்துவிடுமா, பாப்பா படிப்பு என்ன ஆகும், ஊரில் விற்றுவிட்டு வந்தாச்சு, எங்கே போய் நிற்பது என்று கேட்டார். அவரைக் குறை சொல்ல முடியாது. அவர் சொன்னதெல்லாம் என் மனசுக்குள் ஏற்கெனவே ஓடிக்கொண்டிருந்ததுதான். அவர் வாயில் கேட்டது எனக்கு நிம்மதியாகக்கூட இருந்தது.

அடுத்த வியாழக்கிழமை வேலை முடிந்ததும் ஆஸ்பத்திரிக்குப் போனேன். எதற்குப் போனேன் என்று தெளிவாகத் தெரியாது. அந்தம்மா நுரையீரலில் சளி கட்டி மூச்சு வாங்கிக்கொண்டிருந்தார். மூக்கில் ஆக்சிஜன் குழாய். கையைப் பிடித்தேன். கண்ணைத் திறந்து என்னைப் பார்த்தார். என்னை யாராக நினைத்தார் என்று தெரியவில்லை. மூச்சுக்கு நடுவில் துண்டு துண்டாகக் கேட்டார்.

"சரியா வந்துச்சா? இன்னொரு தடவை பண்ணணுமா?"

ஆங்கிலத்தில்தான் கேட்டார். ஆனால் எனக்கு இப்போது அது தமிழில்தான் கேட்கிறது. வேண்டாம், சரியாக வந்துவிட்டது, இனி செய்ய வேண்டாம் என்றேன். அந்தம்மா கண்ணை மூடிக்கொண்டார். மன்னித்துவிடுங்கள் என்று சொல்லத்தான் போயிருந்தேன் என்பது அப்போதுதான் எனக்கே புரிந்தது. சொல்லவில்லை. பக்கத்துக் கட்டிலில் இருந்தவருக்குக் கேட்டுவிடும் என்று பயந்தேன். அவ்வளவு அற்பமான காரணம். மூன்று நாள் கழித்து அந்தம்மா இறந்துபோனார்.

அடக்கத்துக்கு நான் போகவில்லை. மூன்று வாரம் கழித்து, ஒரு செவ்வாய்க்கிழமை மதியம், இல்லத்தின் ஹாலிலேயே ஒரு சின்ன நினைவுக் கூட்டம் வைத்தார்கள். உறவுக்காரப் பெண்மணி பாட்டனி டவுன்ஸில் இருந்து வந்திருந்தார். கையில் லேப்டாப். பேச எழுந்தவர், முதலில் அதைத் திறந்து மேஜைமேல் வைத்தார்.

பேப்பரில் மரண அறிவிப்பு போடும்போது அத்தையின் கல்யாணத்துக்கு முந்தைய பெயரையும் பிறந்த ஊரையும் சேர்த்துப் போட்டேன் என்று சொன்னார். அதை இணையத்தில் பார்த்துவிட்டு இங்கிலாந்தில் இருந்து ஒரு பெரியவர் கடிதம் எழுதியிருக்கிறார். பழைய பிரிட்டிஷ் படங்களில் சின்ன வேஷங்களில் வந்து காணாமல்போனவர்களைத் தேடிப் பட்டியல் போடுவது அவருக்குப் பொழுதுபோக்காம். இந்தப் பெயரைப் பல வருஷமாகத் தேடிக்கொண்டிருந்தாராம். மூன்று படம் என்று எழுதியிருந்தார். ஒன்றில் நடன அரங்கில் ஒரு வரி. இன்னொன்றில் வேலைக்காரப் பெண். மூன்றாவதில் அவர் வரும் காட்சிகளை வெட்டிவிட்டார்கள், பெயர் மட்டும் பட்டியலில் நிற்கிறது. இரண்டாவது படத்தில் இருந்து ஒரு சின்னத் துண்டையும் அனுப்பியிருந்தார்.

ஹாலில் இருந்த டிவியில் அதைப் போட்டார்கள். கறுப்பு வெள்ளை. ஒரு நிமிஷம்கூட இருக்காது. அகலமான மாடிப்படி. மேலே இருந்து இருபது வயசுப் பெண் ஒருத்தி, வெள்ளைத் தொப்பியும் ஏப்ரனுமாக, கையில் தேநீர்த் தட்டோடு இறங்கி வருகிறாள். அதே கழுத்து. நடுப்படியில் கால் தடுக்கி, தட்டு பறந்து, கடைசிப் படி வரைக்கும் உருண்டு வந்து விழுகிறாள். எழுந்து தொப்பியைச் சரிசெய்துகொண்டு, ஒன்றுமே நடக்காதது மாதிரி நேராகப் பார்க்கிறாள். சிரிப்புப் படம் போல. ஹாலில் இருந்த வயசானவர்கள் எல்லாரும் சிரித்தார்கள். யாரோ இன்னொரு தடவை போடச் சொன்னார்கள். போட்டார்கள். மறுபடியும் விழுந்தாள், மறுபடியும் சிரித்தார்கள்.

நான் சுவரோரமாக நின்று, தேநீர்க் கோப்பைகளை வைத்திருந்த ட்ரேயைப் பிடித்துக்கொண்டிருந்தேன். தேநீர் கொடுக்க வேண்டும் என்பதே எனக்கு மறந்துபோயிருந்தது. மன்னார் அக்கா வந்து ட்ரேயை என் கையில் இருந்து வாங்கிக்கொண்டார். அவரே எல்லாருக்கும் கொடுத்துக்கொண்டு போனார்.

கூட்டம் முடிந்து, அந்தப் பெண்மணி காரில் ஏறப் போகும்போது பின்னாலேயே போனேன். தூறிக்கொண்டிருந்தது. ஐந்து மாசமும் சொச்சமும்தான் பாக்கி என்று மனசு சொல்லிக்கொண்டே இருந்தது. அவர் என்னைப் பார்த்ததும் கையைப் பிடித்துக்கொண்டு, அத்தை சொன்னதை நான்தான் நம்பவில்லை, உங்களையும் நம்ப வேண்டாம் என்று சொல்லிவிட்டேன் என்று அழுதார். அவர் அழுததுதான் என்னைப் பேச வைத்தது என்று நினைக்கிறேன். பழியை அவர் எடுத்துக்கொண்டு போவதை என்னால் பார்த்துக்கொண்டிருக்க முடியவில்லை.

சொன்னேன். வியாழக்கிழமை காலையே விழுந்துவிட்டேன் என்று என்னிடம் சொன்னார், வலிக்கிறது என்றும் சொன்னார், நான் சினிமாக் கதை என்று நினைத்தேன், எழுதவில்லை. அதோடு நிறுத்தியிருக்கலாம். நிறுத்தாமல் அவரை நான் நடக்க வைத்ததையும், எப்படி நடக்க வைத்தேன் என்பதையும் சொன்னேன்.

அவர் என் கையை விட்டுவிட்டார். பிறகு மெல்லச் சொன்னார். "நானும்தான் நம்பல. ஆனா அவங்க என்கிட்ட விழுந்துட்டேன்னு சொல்லல. உன்கிட்ட சொன்னாங்க." கார் கதவைத் திறந்தவர் திரும்பி, "நீ சொன்னதுக்கு நன்றி. ஆனா உன் முகத்தை என்னால இனிமே பார்க்க முடியாது" என்று சொல்லிவிட்டுப் போய்விட்டார். அதற்குப் பிறகு அவர் என்னோடு பேசவே இல்லை.

உள்ளே போய் மேனேஜரிடமும் சொன்னேன். கையெழுத்துப் போட்ட தாளை மாற்றி எழுதிக் கொடுத்தேன். வெள்ளிக்கிழமை வந்த பெண்ணின் மேல் தப்பில்லை என்று எழுதச் சொல்லிக் கேட்டு வாங்கினேன். அன்று மாலை பஸ் நிறுத்தத்தில் மன்னார் அக்கா என் பக்கத்தில் வந்து உட்கார்ந்தார். "எனக்குத் தெரியும். அண்டைக்கு உம்மட முகத்தைப் பாத்தனான்" என்றார். பிறகு ஏன் யாரிடமும் சொல்லவில்லை என்று கேட்டேன். "உமக்குப் பிள்ளை இருக்குது எண்டு யோசிச்சன். நீராச் சொல்லுவீர் எண்டு பாத்துக்கொண்டு இருந்தனான். நான் சொல்லாமல் இருந்ததும் பிழைதான்" என்றார்.

விசாரணை நாலு மாசம் நடந்தது. இரண்டு நாள் முந்தி ஆஸ்பத்திரிக்குப் போயிருந்தால் பிழைத்திருப்பாரா என்ற கேள்விக்கு டாக்டர், உறுதியாகச் சொல்ல முடியாது, ஆனால் வாய்ப்பு கூடுதலாக இருந்திருக்கும் என்று எழுதியிருந்தார். அந்த இரண்டு நாள் வலி மட்டும் உறுதி. அதைப் பற்றி அவர் ஒன்றும் எழுதவில்லை. எனக்குக் கடைசி எச்சரிக்கைக் கடிதம் கொடுத்து, மூன்று மாசம் துணி துவைக்கிற பகுதிக்கு மாற்றினார்கள். வேலை போகவில்லை. எதிர்பார்த்ததைவிட ஒரு வருஷத்துக்கும் மேல் தாமதமாக ரெசிடென்ஸும் கிடைத்தது. அந்தச் செய்தி வந்த அன்று கணவர் கேசரி கிண்டினார். மகள் குதித்தாள். நானும் ஒரு தட்டில் வாங்கி வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன்.

கதவடியில் இருந்த அந்தக் கட்டையை எல்லா அறைகளிலும் எடுத்துவிட்டார்கள். பதினான்கில் இப்போது வேறொருவர் இருக்கிறார். நான் இன்னும் அதே இல்லத்தில்தான் வேலை பார்க்கிறேன். புதிதாகச் சேருகிறவர்கள், நான் ஒவ்வொரு அறையிலும் தேவைக்கு அதிகமாக நேரம் எடுக்கிறேன் என்று முணுமுணுக்கிறார்கள். எடுக்கத்தான் செய்கிறேன். கோவிலுக்குப் போகிறேன், நன்றாகத் தூங்குகிறேன், சிரிக்கிறேன். எல்லாம் நடக்கிறது. ஆனால் யாரையாவது நடக்க வைக்கும்போது கைதட்டி உற்சாகப்படுத்துவதை மட்டும் என்னால் செய்ய முடியவில்லை.

நான் திருந்திவிட்டேன் என்று சொல்வதற்காக இதை எழுதவில்லை. மனசில் கெட்ட எண்ணம் துளிகூட இல்லாமல், சிரித்த முகத்தோடு, பிரியமாகவே ஒரு உயிருக்கு அவ்வளவு பெரிய தீங்கு செய்ய என்னால் முடிந்தது என்பதை நான் மறந்துவிடக் கூடாது என்பதற்காகத்தான் எழுதுகிறேன்.